விக்கெட் காப்பும் துடுப்பாட்டமும்



கிரிக்கெட் ஆட்டத்திலே மிகக் கடினமான பணி யாருடையது? பந்துவீச்சாளனுக்கு ஓவர் முடிந்ததும் சற்று ஓய்வு உண்டு. துடுப்பாட்ட வீரனுக்கு ஆட்டமிழந்ததும் நிழல் உண்டு. விக்கெட் காப்பாளனுக்கோ எதிரணி ஆடும் வரை ஓய்வே இல்லை. டெஸ்ட் போட்டியில் நாளொன்றுக்கு 90 ஓவர் என்றால், 540 முறை அவன் குந்தி எழவேண்டும். ஒவ்வொரு பந்தும் தன்னிடமே வருமென எண்ணி விழித்திருக்கவேண்டும். பிடித்த பிடிகளை உலகம் மறந்துவிடும். தவறவிட்ட ஒன்றை மறவாது. அமெரிக்கரின் பேஸ்போல் ஆட்டத்திலும் பந்தடிப்பவனுக்குப் பின்னே முகக்கவசம் அணிந்து குந்தியிருப்பவனுக்கு இதே பாடுதான். அதனாலன்றோ அங்கே அவனுக்கு இடையிடையே ஓய்வளிக்கின்றனர்!

இத்தகைய உழைப்பாளியே மட்டையும் பிடித்துப் பெருமளவில் ஓட்டங்களைக் குவிக்க வேண்டுமென்றால், அது எளிதா?

1987 ஏப்ரலில் கொழும்பு கிரிக்கெட் கழக மைதானத்திலே நியூசிலாந்துக்கு எதிராக நடந்த டெஸ்ட் போட்டியை எண்ணிப் பாருங்கள். பிரெண்டன் குருப்பு என்ற இளைஞருக்கு அதுவே முதல் டெஸ்ட். தொடக்க வீரராகக் களமிறங்கியவர், 777 நிமிடங்கள், அதாவது ஏறக்குறைய 13 மணி நேரம் நின்று, ஆட்டமிழக்காமல் 201 ஓட்டங்கள் பெற்றார். டெஸ்ட் வரலாற்றில் இலங்கையர் ஒருவர் பெற்ற முதல் இரட்டைச் சதம் அதுவே. மட்டையை வைத்தவர் கையுறையை மாட்டிக்கொண்டார். நியூசிலாந்து 5 விக்கெட்டுக்கு 406 ஓட்டங்கள் பெறும் வரை விக்கெட்டுகளுக்குப் பின்னே குந்தியிருந்தார். மந்தமான ஆட்டம் என்று குறைகூறுவது எளிது; அந்தக் கால்களைக் கேட்டால் வேறு விடை கிடைக்கும்.

அதே மாதம் 21ஆம் திகதி மாலை புறக்கோட்டை மத்திய பஸ் நிலையத்தில் குண்டு வெடித்து நூற்றுக்கு மேற்பட்டோர் மாண்டனர். நியூசிலாந்து அணி சுற்றுப்பயணத்தை இடைநிறுத்தித் தாயகம் திரும்பியது. ஊரே துயரில் மூழ்கியிருந்த வேளையில் மைதானத்துச் சாதனையை யார் நினைப்பார்? குருப்பு ஆடிய டெஸ்ட் போட்டிகள் மொத்தம் நான்கே.

இரட்டைச் சுமைக்கு விலையுண்டா என்பதற்குக் குமார் சங்கக்கார சான்று. கையுறையுடன் ஆடிய 48 டெஸ்ட் போட்டிகளில் அவருடைய சராசரி ஏறத்தாழ 40. கையுறையின்றி ஆடிய 86 போட்டிகளில் 66க்கு மேல். வளர்ந்த அனுபவமும் இதற்கு ஒரு காரணமாகலாம். ஆயினும் 2006இல், கையுறையை வேறொருவரிடம் ஒப்படைத்த நிலையில், தென்னாபிரிக்காவுக்கு எதிராக அவர் 287 ஓட்டங்கள் குவித்ததை மறக்கலாகாது. மறுபுறம், 50 ஓவர் ஆட்டத்தில் அவர் விக்கெட் காப்பைக் கைவிடவில்லை. 2015 உலகக் கிண்ணப் போட்டியில் காப்பாளராக இருந்துகொண்டே தொடர்ச்சியாக நான்கு சதங்கள் அடித்தார். இதனால் நாம் அறிவது என்ன? வீரனைத் தளர்த்துவது கையுறையன்று. அதை அணிந்து நிற்கும் நீண்ட நேரமே.

வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ சிறுவர் ஆடும்போது, பந்துவீசத் தெரியாதவனை விக்கெட்டுக்குப் பின்னே நிறுத்துவது வழக்கம். பயிற்றுவிப்போரே, அவ்விடம் எஞ்சியவனுக்கு உரியதன்று. பொறுமை மிக்கவனுக்கு உரியது. நாள் முழுதும் குந்தியிருந்தவனை உடனே தொடக்க வீரனாக அனுப்பாதீர்கள். சற்றே இளைப்பாறவிட்டுப் பின்னர் அனுப்புங்கள். அவன் விரைவில் ஆட்டமிழந்தால், கடிந்துகொள்ளுமுன் அன்று அவன் எத்தனை முறை குந்தி எழுந்தான் என்று எண்ணிப் பாருங்கள்.