பந்தாட்டமும் தலையெழுத்தும்



குறுவைக்குத் தண்ணீர் வருமா என்று கவலைப்படும் தஞ்சை வட்டாரத்து மக்களிடம் ஒரு டென்னிஸ் ஆட்டக்காரரைப் பற்றி நாம் பேச வந்தது சிலருக்கு வேடிக்கையாகத் தோன்றலாம். பணக்காரர் விளையாட்டுக்கும் நமக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். சம்பந்தம் இருப்பதாலேயே பேசுகிறோம்.

தோழர் விஜய் அமிர்தராஜ் 1953-ம் வருஷம் சென்னையில் பிறந்தவர். தந்தை ரயில்வே உத்தியோகஸ்தர். பிள்ளையோ நுரையீரல் நோயால் அடிக்கடி ஆஸ்பத்திரியில் படுத்தது. நம்மில் பலர் என்ன செய்திருப்போம்? ஜாதகத்தைத் தூக்கிக்கொண்டு ஜோசியரிடம் ஓடியிருப்போம். சனி பிடித்ததென்று எள் விளக்கு ஏற்றியிருப்போம். அந்தத் தாயார் மார்கரெட் அம்மையார், பிள்ளை போகமுடியாத நாட்களில் தாமே பள்ளிக்கூடத்தில் போய் உட்கார்ந்து பாடத்தைக் குறித்து வந்து சொல்லிக் கொடுத்தார். தொழிற்சாலை ஒன்றும் நடத்தினார். மூன்று பிள்ளைகளையும் டென்னிஸ் பழக்கினார். பெண் புத்தி பின்புத்தி என்கிறவர்கள் இதற்கு என்ன சொல்வார்கள்?

நாற்று நோஞ்சானாயிருந்தால் தண்ணீரையும் எருவையும் பார்க்கிற குடியானவன், பிள்ளை நோஞ்சானாயிருந்தால் மாத்திரம் கிரகத்தைப் பார்ப்பானேன்?

பலன் யாது? அந்த நோயாளிப் பிள்ளை 1973-ல், 19-ம் வயதில், லண்டன் விம்பிள்டன் பந்தயத்தில் கால் இறுதி வரை சென்றார். அதே வருஷம் அமெரிக்கப் பந்தயத்தில் பெரும் வீரர் ராட் லேவரையே தோற்கடித்தார். தலையெழுத்தை அழித்தது உழைப்பு!

நிற்க. இந்த ஆட்டத்திலும் ஒரு வர்ணாசிரமம் இருந்தது. 1968-க்கு முன், ஆட்டத்தைத் தொழிலாகக் கொண்டு பணம் வாங்குகிறவனை விம்பிள்டன் போட்டியில் சேர்ப்பதில்லை. 1962-ல் நான்கு பெரும் பட்டங்களையும் வென்ற லேவரே, தொழிலாட்டக்காரரானதும் ஐந்து வருஷம் வெளியே நின்றார். பொழுதுபோக்காக ஆடினால் கௌரவமாம், உழைத்துக் கூலி வாங்கினால் இழிவாம்! சேற்றில் இறங்காதவன் மேல், ஏர் பிடிக்கிறவன் கீழ் என்பதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? அந்தக் கதவு திறந்த பின்பே, உத்தியோகஸ்தர் வீட்டுப் பிள்ளை ஆட்டத்தையே ஜீவனமாகக் கொண்டு அங்கே போய் நிற்க முடிந்தது.

இன்னொரு சங்கதி. 1974-ல் டேவிஸ் கோப்பைப் போட்டியில் அமிர்தராஜ் சகோதரர்களைக் கொண்ட இந்தியக் குழு, கல்கத்தாவில் ஆஸ்திரேலியாவையும் பூனாவில் சோவியத் ரஷ்யாவையும் வென்று இறுதிக்கு வந்தது. எதிரே நின்றது கறுப்பரை மனிதராக மதியாத தென்னாப்பிரிக்கா. இந்தியா ஆட மறுத்தது. கோப்பை ஆடாமலே அவர்களுக்குப் போயிற்று. 1987-ல் மறுபடி இறுதிக்குப் போய் ஸ்வீடனிடம் தோற்றோம். அந்தக் கோப்பை இன்றளவும் நமக்குக் கிட்டவில்லை. விளையாட்டுக்காரனுக்கு அது சிறு நஷ்டமல்ல. ஆனாலும் கோப்பையைவிட மானம் பெரிதென்று காட்டிய செயல் அது.

ஆனால் தோழர்களே, கடல் கடந்த நிறபேதத்தைக் கண்டித்த நாம், நம் தெருவிலுள்ள ஜாதிபேதத்தை என்ன செய்தோம்? சுடுகாட்டிற்குக்கூடத் தனிப்பாதை வைத்துக்கொண்டு தென்னாப்பிரிக்காவைப் பழிப்பது யோக்கியமா?

ஆகவே, உங்கள் ஊர்ப் பள்ளிக்கூட மைதானத்தில் எல்லாத் தெருப் பிள்ளைகளும், ஆணும் பெண்ணும், ஒன்றாக இறங்கி ஆடுகிறார்களா என்று நாளைக்கே போய்ப் பாருங்கள். இல்லையென்றால், பெற்றோர்களாகிய நீங்களே முன்நின்று ஆடச் செய்யுங்கள். அதுவே இந்தப் பேச்சின் பயன்.