எல்லையிலா? இல்லத்திலா?

பேரன்புமிக்க நடுவர் அவர்களே! எதிரணி நண்பர்களே! சங்கரன்கோவில் பெருமக்களே!

போர்வீரனுக்குப் பெரிய போராட்டம் எல்லையிலேதான்னு எதிரணித் தம்பி முழங்கிட்டுப் போனார். தம்பி, எல்லையிலே எதிரி யாருன்னு தெரியும். பக்கத்திலே தோழன் இருப்பான். கையிலே துப்பாக்கி இருக்கும். ஊருக்கு வந்தா இந்த மூணுமே இல்லையே! (கைதட்டல்)

நாற்பது வயசுக்குள்ளே ஓய்வு பெற்று வீட்டுக்கு வர்றார். காலையிலே அஞ்சு மணிக்கு எழுந்து, போர்வையை மூலை பிசகாம மடிச்சு வச்சிட்டு, பிள்ளைகளை வரிசையா நிறுத்துறார். மனைவி சொல்றா, “இது வீடுங்க, பட்டாள முகாம் இல்லை!” (சிரிப்பு) பக்கத்து வீட்டுக்காரர் ஓடி வர்றார். நலம் விசாரிக்கவா? “அண்ணாச்சி, மிலிட்டரி கோட்டா வந்திருச்சா?” (பலத்த சிரிப்பு)

சிரிச்சிட்டோம். தீபாவளி அன்னிக்குத் தெருவிலே ஒரு வெடி வெடிக்குது. அவர் சட்டுன்னு சுவரோரம் பதுங்குறார். “பட்டாளத்துக்காரர் பயப்படுறாரே”ன்னு ஊர் சிரிக்குது. பயமில்லை ஐயா! சத்தம் கேட்டதும் பதுங்கினதாலேதான் அவர் உசுரோட வந்தார். எல்லையிலே உயிர் காத்த பழக்கம், வீட்டிலே வியாதியாகுது. முதல் உலகப் போரிலேயே மருத்துவர்கள் இதைக் கண்டார்கள். 1980இல் அமெரிக்க மனநல மருத்துவர்கள் நோய்ப் பட்டியலிலே சேர்த்தார்கள்.

1987இல் இலங்கை சென்ற இந்திய அமைதிப்படை 1990 மார்ச்சில் திரும்பியது. ஆயிரத்து நூறு பேருக்கு மேல் அங்கேயே மாண்டார்கள். சென்னையில் நடந்த வரவேற்புக்கு அன்றைய முதல்வர் கலைஞர் போகவில்லை. அங்கே தமிழர் பட்ட துன்பம் அதற்குக் காரணம். அந்தத் துன்பமும் உண்மை. ஆனால், போகச் சொன்ன இடத்துக்குப் போன தமிழ்ச் சிப்பாயும் அந்தப் படையிலே இருந்தானே! “யாரோட சண்டை போட்டேப்பா?”ன்னு பெத்த தாய் கேட்டா, அவன் என்ன பதில் சொல்லுவான்?

செத்த வீரனுக்கு நடுகல் நட்ட இனம் நாம். உயிரோட வந்தவனுக்கு என்ன வச்சோம்? வங்கி வாசலிலே ஒரு ஸ்டூல்! (கைதட்டல்)

சங்கரனும் நாராயணனும் ஒரே உடம்பிலே நிற்கிற ஊர் இது. திரும்பி வந்தவரும் அப்படித்தான். பாதி ஆள் எல்லையிலே, பாதி ஆள் இல்லத்திலே. அந்தத் திருக்கோலத்தைக் காண கோமதி அம்மனே தபசு இருந்தாள் என்றால், அந்த வீட்டு மனைவி எத்தனை தபசு இருக்கணும்!

தாய்மார்களே, “எத்தனை பேரைச் சுட்டே?”ன்னு கேட்காதீங்க, “சாப்பிட்டியா, தூங்கினியா?”ன்னு கேளுங்க. தூக்கமில்லைன்னா கூச்சப்படாம டாக்டர்கிட்டே கூட்டிட்டுப் போங்க.

எல்லையிலே சண்டை ஒருநாள் முடியும். இல்லத்திலே அது தொடரும். ஆகவே, பெரிய போராட்டம் இல்லத்திலேயே என்று தீர்ப்பளிக்க வேண்டி அமர்கிறேன்.