தண்ணீர் நிற்கும் இடத்தில் எந்த மரம்?

கோடையில் விழா எடுத்து நட்ட கன்றுகள், ஐப்பசி அடைமழைக்குப் பிறகு இலை மஞ்சளாகிச் சாய்ந்து கிடப்பதைப் பார்த்திருப்பீர்கள். பெரும்பாலும் வேம்பாக இருக்கும். தேங்கிய நீர் மண் இடுக்கில் இருந்த காற்றை வெளியே தள்ளிவிடுவதால் வேர் மூச்சு முட்டிச் சாகிறது. நர்சரியில் மிஞ்சியதை வாங்கி வந்து குழியில் இறக்குவதை மரம் வளர்க்கும் கலை என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை.

இடம் பார்த்து நட்டால் என்ன நடக்கும் என்பதற்கு வேடந்தாங்கல் சாட்சி. அங்கே நீர்க்கடம்பு மாதக்கணக்கில் ஏரித் தண்ணீருக்குள் நிற்கிறது. கிளை நிறையப் பறவைக் கூடுகளையும் சுமக்கிறது. 1981-இல் சுவீடன் உதவியோடு தொடங்கிய சமூகக் காடுகள் திட்டத்தில் ஏரி உள்வாயில் நாட்டுக் கருவேலம் வைத்தார்கள். அதுவும் நல்ல தேர்வுதான். ஆனால் ஒரே மரத்தை ஏரி முழுக்க நிரப்பியதை நான் மெச்சமாட்டேன்.

ஆற்றங்கரைக்கு நீர்மருது. தாமிரபரணிக் கரைத் திருப்புடைமருதூரில் கோயிலின் தல மரமே அதுதான். வாய்க்கால் ஓரத்துக்குப் புங்கனும் பூவரசும் போதும். பூவரசைப் போத்து வெட்டி ஊன்றினாலே துளிர்த்துவிடும். கரை அரிக்கிறதா? வெட்டிவேர் வையுங்கள். அதன் வேர் பக்கவாட்டில் பரவாமல் நேர்கீழே ஆளுயரத்துக்கும் மேல் இறங்கி மண்ணைப் பிடிக்கும்.

நடுவதற்கு முன் ஒரு முழம் ஆழத்துக்குக் குழி தோண்டி, நீர் நிரப்பி, மறுநாள் போய்ப் பாருங்கள். வடிந்திருந்தால் கவலையில்லை. வடியாமல், மண் சாம்பல் நிறத்தில் அழுகிய முட்டை வாடை அடித்தால், அங்கே காற்று போய் வெகுநாளாகிறது என்று பொருள். வீட்டுக்கொல்லையில் அப்படிப்பட்ட இடம் என்றால் பப்பாளியை மறந்துவிடுங்கள்; சேம்பு, கல்வாழை வைக்கலாம்.

இன்னொன்று: நீர்மருதுக் கன்றானாலும் தலை மூழ்கினால் பிழைப்பது கடினம். ஆகவே ஏரிக்குள் நடுகிறவர்கள் தண்ணீர் வற்றும்வரை பொறுத்திருந்து, மண்ணை மேடாகக் குவித்து, இடுப்பளவுக்கு மேல் வளர்ந்த கன்றாகப் பார்த்து அந்த மேட்டின் மேல் நடவேண்டும். அடுத்த மழைக்குள் வேர் பிடித்துவிடும்.