பாட்டுக்காரர் வில்லன் ஆனார்



பிரிக்பீல்ட்ஸ் துன் சம்பந்தன் சாலையிலோ, கிள்ளான் தெங்கு கிளானா சாலையிலோ நாலு பேரை நிறுத்தி, மலேசியா வாசுதேவன் யார் என்று கேளுங்கள். பாடகர் என்பார்கள். அவர் இங்கிருந்து சென்னைக்குப் போனது நடிக்க.

1944-இல் மலாயாவில் மலையாளக் குடும்பத்தில் பிறந்தவர். தமிழ் நாடகங்களில் நடித்துப் பழகியவர். சென்னையில் 'ரத்தப் பேய்' படத்தில் தலைகாட்டியும் பெரிய வாய்ப்பு எதுவும் வரவில்லை. கச்சேரி மேடைதான் கைகொடுத்தது. 1977-இல் பாரதிராஜாவின் '16 வயதினிலே' வந்தது. எஸ்.பி.பாலசுப்ரமணியத்துக்குத் தொண்டை கட்டிக்கொள்ள, கமலுக்குப் பாடும் வாய்ப்பு வாசுதேவனுக்கு வாய்த்தது. அதற்குப் பிறகு 'முரட்டுக்காளை' ரஜினி வரை எத்தனையோ கதாநாயகர்களுக்கு அவர் குரல்.

முகத்துக்கு உரிய இடம் 1985-இல் கிடைத்தது. அதைக் கொடுத்தவரும் பாரதிராஜாதான். அந்தப் பொங்கலுக்கு வந்த 'ஒரு கைதியின் டைரி'யில் வாசுதேவன் ஓர் அரசியல் தலைவர். தன்னைத் தெய்வமாய் நினைக்கும் தொண்டன் கமலின் மனைவியையே சீரழித்து, அவனைச் சிறைக்கும் அனுப்பும் பாதகன். உருட்டி மிரட்டும் வில்லன்கள் தமிழில் ஏராளம். இவரோ பார்த்தால் மரியாதை தோன்றும் ஆள். வேட்டி சட்டையில் பெரிய மனுஷன். பயமே அங்கேதான் பிறக்கிறது. இந்தியில் 'ஆக்ரி ராஸ்தா' என்று எடுத்தபோது இந்த வேடத்துக்குச் சதாசிவ் அம்ராபுர்கர் என்ற தேர்ந்த நடிகரைத் தேட வேண்டியிருந்தது.

அதே ஆண்டு, அதே இயக்குநரின் 'முதல் மரியாதை' வெளியானது. அதில் சிவாஜிக்குப் பாடியவர் இதே வாசுதேவன். ஜனவரியில் ஊரே சபித்த மனிதரின் குரலுக்கு, சில மாதம் கழித்து அதே ஊர் கண்கலங்கியது. இப்படி ஓர் ஆண்டு வேறெந்தத் துணை நடிகருக்கு அமைந்திருக்கும்?

மேல்நாட்டில் இதற்கு நேர் எதிரான கதை ஒன்று உண்டு. ஜெர்மன் நடிகர் கெர்ட் ஃப்ரோபே, 1964-இல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படமான 'கோல்ட்ஃபிங்கர்' வில்லன். அவருடைய ஆங்கிலம் எடுபடாததால் மைக்கேல் காலின்ஸ் என்ற நடிகர் குரல் கொடுத்தார். உலகம் நடுங்கியது ஃப்ரோபேயின் முகத்தைப் பார்த்து, பேசியது வேறொருவர். நம்மவருக்கோ குரல் எல்லா வீட்டிலும் புகுந்தது, முகம்தான் பின்தங்கியது.

80-க்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். வில்லன் வேடம் மட்டுமில்லை. 1996-இல் 'பூவே உனக்காக'வில் குடும்பப் பெரியவராக வந்தார். ஆனாலும் ஒலிப்பதிவுக் கூடமே அவரைப் பிடித்து வைத்துக்கொண்டது. படப்பிடிப்பு ஒரு வேடத்துக்கு நாள் கணக்கில் இழுக்கும். பாட்டு சில மணி நேரத்தில் முடிந்துவிடும்.

2011 பிப்ரவரி 20 அன்று சென்னையில் அவர் காலமானார். மகன் யுகேந்திரன் பாடுகிறார், நடிக்கவும் செய்கிறார். 2001-இல் அவர் திரையில் அறிமுகமான 'பூவெல்லாம் உன் வாசம்' படத்தில் அவருக்குக் கிடைத்ததும் நல்லவர்போல் பழகிக் கெடுக்கிற வேடம்தான்.