உதட்டில் வைத்த தூரிகை

(மாணவர் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

தோழர்களே, அணு என்றதும் 1945, ஹிரோஷிமா என்றுதான் ஆரம்பிக்கிறோம். நான் அதற்கும் முன்னால் போகிறேன். பேங்கில் வேலை பார்த்த ஒரு பெண்ணின் கதை இது. நானும் பேங்க் குமாஸ்தாதானே.

பெயர் கிரேஸ் ஃபிரையர். அமெரிக்காவில் நியூஜெர்சி மாநிலம், ஆரஞ்சு என்கிற ஊர். 1917இல், 18 வயதில் ரேடியம் கம்பெனி வேலைக்குப் போனார். இருட்டிலும் மணி தெரிய, கடிகார எண்கள்மேல் ரேடியம் கலந்த பெயிண்ட் பூசணும். எண்ணோ பொடிசு. 'தூரிகையை உதட்டில் வைத்துக் கூராக்கு' என்று சொல்லிக் கொடுத்தார்கள். நாள் முழுக்க உதடு, பெயிண்ட், உதடு.

நோட்டு எண்ணும்போது நானும் விரலை நாக்கில் தொடுகிறவன்தான். இதைப் படித்தபிறகு கை ஈரப்பஞ்சு டப்பாவைத் தேடுகிறது.

தெரியாமல் நடந்ததா? இல்லை. ரேடியம் தோலைப் பொசுக்கும் என்பது 1901லேயே விஞ்ஞானிகளுக்குத் தெரியும். அதே கம்பெனியின் கெமிஸ்டுகள் ஈயத் தடுப்புக்குப் பின்னால் நின்று இடுக்கியால்தான் எடுத்தார்கள். இந்தப் பெண்களிடம் மட்டும் யாரும் சொல்லவில்லை.

கால்சியம் போகிற வழியிலேயே ரேடியமும் எலும்பில் போய் உட்காரும். பல் உதிர்ந்தது. தாடை நொறுங்கியது. மோலி மாகியா என்கிற தொழிலாளி 1922இல் செத்துப்போனார். சாவுக்குக் காரணம் என்று என்ன எழுதினார்கள் தெரியுமா? மேகநோய்! செத்தவள் நடத்தைமேல் பழி. 1927இல் உடலைத் தோண்டி எடுத்துப் பார்த்தார்கள். மேகநோயும் இல்லை, ஒண்ணும் இல்லை. எலும்பில் ரேடியம்.

கிரேஸ் 1920லேயே பேங்குக்கு மாறிவிட்டார். ரேடியம் விடுமா? வக்கீல் கிடைக்கவே இரண்டு வருஷம் அலைந்தார். 1927இல் இன்னும் நாலு பெண்களோடு வழக்குப் போட்டார். 'கெடு தாண்டிவிட்டது' என்றது கம்பெனி. 1928இல் சமரசம்: தலைக்கு 10,000 டாலர், உயிரோடிருக்கும்வரை வருஷம் 600 டாலர், வைத்தியச் செலவு. கிரேஸ் 1933இல் இறந்தார். வயது 34.

பிற்பாடு இப்படிப்பட்ட பெண்களின் உடம்பில் ரேடியத்தை அளந்துதான், உடம்பு தாங்கும் அளவு கிராமில் கோடியில் ஒரு பங்கு என்று 1941இல் அமெரிக்காவில் வகுத்தார்கள். அணுகுண்டுக்காகப் புளூட்டோனியத்தைத் தொட்டவர்களுக்கும் அதை வைத்துத்தான் கணக்குப் போட்டார்கள்.

ரேடியம் பாதியாகக் குறையவே 1600 வருஷம் ஆகும். அந்த எலும்புகளில் அது இன்னும் இருக்கிறது. 'இது பாதுகாப்பான அளவு' என்று யாராவது ஒரு எண்ணைக் காட்டினால், நாம் கேட்கவேண்டியது ஒன்றுதான் தோழர்களே: யார் எலும்பில் அளந்தீங்க?