கைபேசி நிலையம் மாறும் வேளை



கல்லூரி நூலகத்தில் அமர்ந்து கைபேசியில் ஒரு சொற்பொழிவைக் கேட்கின்றீர்கள். கேட்டவாறே எழுந்து அடுத்த கட்டடத்திற்கு நடக்கின்றீர்கள். நூலகத்து வை-ஃபை நிலையத்தின் அலை மெலிகிறது. எதிரிலுள்ள நிலையத்தின் அலை வலுக்கிறது. பழையதை விட்டுப் புதியதைப் பற்றவேண்டிய வேளையைக் குறிப்பது எது? நிலையமே என்று பலரும் எண்ணுவர். அதுவன்று, கைபேசிதான்.

4ஜி கைபேசி வலையில் இவ்வாறில்லை. அங்கே கைபேசி தான் கேட்ட அலைகளின் வலிமையை அறிவிக்கும். மாறும்படி ஆணையிடுவது கோபுரம். வை-ஃபைக்கு இலக்கணமான ஐ.இ.இ.இ. கழகத்தின் 802.11 நெறியோ அம்முடிவைக் கருவியிடமே விட்டுவிட்டது. ஆகவே கருவிக்குக் கருவி குணம் வேறு.

ஆப்பிள் நிறுவனம் தன் ஐபோனின் கணக்கை வெளியிட்டுள்ளது. அலையின் வலிமை −70 டிபிஎம் அளவிற்குக் கீழே இறங்கும்வரை ஐபோன் இருந்த நிலையத்தை விடாது. −70 என்பது ஒரு மில்லிவாட்டில் கோடியில் ஒரு பங்கு! அத்துணை நுண்ணிய ஆற்றலிலேயே பாட்டும் படமும் வந்து சேர்வதை நான் இன்றும் வியக்கிறேன். அதற்கும் கீழே இறங்கிய பின்பே அது வேறு நிலையத்தைத் தேடுகிறது. கண்டவுடன் தாவுவதுமில்லை. செய்தி ஓடிக்கொண்டிருக்கையில் புதிய அலை 8 டெசிபெல், அதாவது ஏறத்தாழ ஆறு மடங்கு, வலுத்திருக்கவேண்டும். சும்மா இருக்கையில் 12 டெசிபெல். ஏன் இந்தத் தயக்கம்? ஒருவர் குறுக்கே நடந்தாலும், கதவைச் சாத்தினாலும் அலை ஏறி இறங்கும். சிறு வேறுபாட்டிற்கெல்லாம் மாறினால், இரு நிலையங்களுக்கிடையே ஊசலாடியே பொழுது கழியும்.

தயக்கம் மிகுந்தாலும் தீங்குண்டு. மருத்துவமனையில் வை-ஃபை தொலைபேசியுடன் விரையும் செவிலியை நினையுங்கள். கருவி பழைய நிலையத்தையே பற்றிக்கொண்டிருந்தால், மருத்துவர் கூறும் மருந்தின் அளவு பாதியில் அறுந்துபோகும். மாறும்போதும் இரகசியத் திறவுகோல்களைப் புதிதாக வகுத்துக்கொள்ளவேண்டும். அந்த இடைவெளியில் சொற்கள் விழுங்கப்படும். அதனைக் குறைக்கவே 2008-இல் 802.11ஆர் என்னும் திருத்தம் வந்தது. அதே ஆண்டின் 802.11கே, அண்டை நிலையங்களின் பட்டியலைக் கருவிக்கு அளிக்க வழிசெய்தது. 2011-இல் வந்த 802.11வி, 'அங்கே செல்க' என்று நிலையம் பரிந்துரைக்க இடந்தருகிறது, பரிந்துரைதான், கட்டளையன்று.

பழி முழுதும் கருவியினுடையது என்று நான் கருதேன். நிலையங்களை முழு ஆற்றலில் முழங்கவிடுவோர் பலர். நெடுந்தொலைவிலும் நிலையத்தின் குரல் கேட்பதால் கைபேசி அதை விடாது. ஆனால் கைபேசியின் மெல்லிய குரல் நிலையத்தை எட்டாது. திரையில் கோடுகள் நிறைந்திருக்க, செய்தி மட்டும் நகராது. நிலையத்தின் ஆற்றலைச் சற்றுக் குறைத்துப் பாருங்கள். தொலைவு சென்ற கைபேசி உரிய வேளையிலேயே அருகிலுள்ளதை நாடும்.