டிரான்ஸ்பார்மர் எத்தனை கட்டையில் பாடுகிறது?



பல்லடம், சோமனூர்ப் பக்கம் விசைத்தறிக் கூடங்களைத் தாண்டிப் போனவர்களுக்கு அந்தச் சத்தம் பழக்கமானது. டக்கட, டக்கட என்று ஓயாமல் அடித்துக்கொண்டே இருக்கும். அங்கிருந்து திருப்பூருக்குள் வந்து ஒரு நிட்டிங் யூனிட்டின் வாசலில் நின்று பாருங்கள். அடி கேட்காது. நீளமான ஒரு ரீங்காரம்தான் கேட்கும். இரண்டும் நூலைத் துணியாக்கும் வேலைதான். ஒன்று தாளம் போடுகிறது, இன்னொன்று சுருதி பிடிக்கிறது. ஏன் என்று கேட்டால் ஒரே பதில், வேகம்.

நிமிடத்துக்கு 120 முறை நாடா பாயும் தறி ஒன்றை எடுத்துக்கொள்வோம். விநாடிக்கு இரண்டு அடி. காது ஒவ்வொன்றையும் தனித்தனியாக எண்ணிவிடும். அந்த வேகத்தைக் கூட்டிக்கொண்டே போனால், விநாடிக்கு ஏறத்தாழ இருபதை எட்டும்போது காது எண்ணுவதைக் கைவிடுகிறது. அடிகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு ஒரே ஒலியாகிவிடுகின்றன. அதற்கு மேல் வேகம் கூடக்கூட ஒலி மேலே ஏறும். விநாடிக்கு இத்தனை அதிர்வு என்ற கணக்கைத்தான் அதிர்வெண் என்கிறோம், அதன் அலகு ஹெர்ட்ஸ். பியானோவின் இடது கோடியில் இருக்கும் முதல் கட்டையின் அதிர்வெண் 27.5. எல்லைக் கோட்டுக்குச் சற்று இந்தப் பக்கம். அதை அழுத்தினால் பாதி சுரம், பாதி உறுமல்.

இப்போது நிட்டிங் மெஷினுக்கு வருவோம். 30 டயா, 24 கேஜ் என்று சொன்னால் திருப்பூரில் விளக்கம் வேண்டாம். மற்ற ஊர் நேயர்களுக்காகச் சொல்கிறேன்: 30 அங்குல விட்டமுள்ள ஓர் உருளை, அதன் சுற்றளவில் அங்குலத்துக்கு 24 ஊசிகள். சுற்றளவு 94 அங்குலத்துக்குக் கொஞ்சம் கூடுதல். ஆகவே ஏறத்தாழ 2260 ஊசிகள். மெஷின் நிமிடத்துக்கு 20 சுற்று ஓடினால் ஒரு சுற்றுக்கு மூன்று விநாடி. அப்படியானால் ஊசிகளை ஏற்றி இறக்க அசையாமல் நிற்கும் ‘கேம்’ என்ற பாகத்தின் எதிரே விநாடிக்கு 753 ஊசிகள் ஏறி இறங்கிக் கடக்கின்றன. 753 அதிர்வு என்பது நல்ல உச்சமான சுரம். மோட்டார், காற்றாடி, கியர் எல்லாம் சேர்ந்து போடும் இரைச்சலுக்குள் அது புதைந்து கிடக்கும். ஆனால் மெஷினை மெதுவாகத் தொடங்கி வேகம் ஏற்றும்போது ஒலியும் கூடவே ஏறுவதை ஆபரேட்டர்கள் எல்லோரும் கேட்டிருப்பார்கள்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரான்சில் பெலிக்ஸ் சவார் என்ற அறிவியலாளர் இதையே சோதனையாகச் செய்தார். பல்சக்கரத்தைச் சுழலவிட்டு, அதன் பற்களில் ஓர் அட்டையைத் தொடவைத்தார். விநாடிக்கு எத்தனை பல் தட்டுகிறதோ அதுதான் அந்தச் சுரத்தின் அதிர்வெண். நம் ஊரில் அந்தச் சோதனை மூன்று ஷிப்டும் ஓடிக்கொண்டிருக்கிறது.

சரி, 753 என்றால் எந்தச் சுரம்? அதைச் சொல்ல ஓர் அளவுகோல் வேண்டும். அந்த அளவுகோல்தான் பியானோ. 88 கட்டைகள், 27.5 தொடங்கி 4186 வரை. கட்டிங் மேசையில் இருக்கும் இன்ச் டேப்பைப் போல இதிலும் கோடுகள் சம இடைவெளியில் இருக்கின்றன, ஒரே ஒரு வித்தியாசத்தோடு. டேப்பில் அடுத்த கோட்டுக்குப் போக ஓர் அங்குலத்தைக் கூட்டுகிறோம். பியானோவில் அடுத்த கட்டைக்குப் போகப் பெருக்க வேண்டும். 1.0595 என்ற எண்ணால் ஒருமுறை பெருக்கினால் அடுத்த கட்டை. பன்னிரண்டு முறை பெருக்கினால் சரியாக இரண்டு மடங்கு, அதாவது மேல்ஸ்தாயியின் அதே சுரம்.

எங்கிருந்து பெருக்கத் தொடங்குவது என்பதில்தான் நீண்ட காலம் சண்டை. பிரான்ஸ் 1859இல் 435 என்று சட்டமே போட்டது. மற்ற நாடுகளில் ஊருக்கு ஒன்று. 1939 மே மாதம் லண்டனில் கூடிய மாநாடு நடுவிலுள்ள ‘ஏ’ என்ற சுரத்துக்கு 440 என்று முடிவு செய்தது. இதில் வானொலிக்கும் ஒரு பங்குண்டு. இங்கிலாந்தில் 439 என்ற எண்ணுக்கும் ஆதரவு இருந்தது. ஆனால் பிபிசி பொறியாளர்கள் விநாடிக்குப் பத்து லட்சம் முறை அதிரும் படிகத்திலிருந்து சுருதியை எடுத்து ஒலிபரப்பி வந்தார்கள். அதை ஆயிரமாகக் குறைத்து, 11 ஆல் பெருக்கி, 25 ஆல் வகுத்தால் 440 கிடைக்கும். 439 பகா எண், அந்தக் கருவிக்கு அது மசியவில்லை. உலகத்து வயலின்களெல்லாம் இன்று எந்தச் சுருதியில் கூடுகின்றன என்பதில் ஒரு வகுத்தல் கணக்குக்கும் கை இருக்கிறது.

இதெல்லாம் மேல்நாட்டுச் சமாச்சாரம், நமக்கென்ன என்று நீங்கள் நினைக்கலாம். பியானோ நம் வீடுகளுக்குள் வரவில்லை, உண்மைதான். ஆனால் அதன் கட்டைகள் வந்துவிட்டன. ஆர்மோனியப் பெட்டியின் வழியாக. கச்சேரி மேடையில் ‘எத்தனை கட்டை?’ என்று மிருதங்கக்காரர் கேட்கிறாரே, அந்தக் கட்டை இதுதான். பியானோவில் ‘சி’ என்பது ஒரு கட்டை. அங்கிருந்து வெள்ளைக் கட்டைகளை எண்ணிக்கொண்டு போனால் இரண்டு, மூன்று, நாலு. இடையில் வரும் கறுப்பு அரைக்கட்டை. ஆண் பாடகர் ஒரு கட்டையில் பாடுகிறார் என்றால் அவருடைய ஷட்ஜம், அதாவது ‘ச’, ஏறத்தாழ 131 ஹெர்ட்ஸ். பெண்கள் பலருக்கு வசதியான ஐந்து கட்டை 196 ஹெர்ட்ஸ்.

இந்தக் கணக்கு ஊரூராகப் பரவக் காரணம் நாடக மேடை. காவிரிக் கரைக் கொடுமுடியில் 1908இல் பிறந்த கே.பி. சுந்தராம்பாளையும் அவருடைய கணவர் எஸ்.ஜி. கிட்டப்பாவையும் நினைத்துப் பாருங்கள். மைக் இல்லாத கொட்டகை. கடைசி வரிசையில் தரையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் பாட்டு போய்ச் சேர வேண்டும். மனிதக் காது மிகக் கூர்மையாகக் கேட்பது இரண்டாயிரத்துக்கும் ஐயாயிரத்துக்கும் இடைப்பட்ட அதிர்வுகளை. உச்ச சுருதியில் திறந்து பாடும் குரலின் மேல் அதிர்வுகள் அந்த இடத்தில் போய்க் குவியும். அதனால்தான் கிட்டப்பா காலத்தில் கட்டை ஏறியிருந்தது. ‘எட்டுக்கட்டைக் குரல்’ என்ற புகழ்ச்சி அந்தக் கொட்டகைகளின் காலத்துப் பேச்சு. கணக்குப்படி எட்டாவது வெள்ளைக் கட்டை என்றால் ஷட்ஜமே 262 ஹெர்ட்ஸ், ஆண் குரலின் ஒரு கட்டைக்குச் சரியாக இரட்டிப்பு. மைக் வந்த பிறகு கட்டை இறங்கியது. உரக்கப் பாட வேண்டிய அவசியம் போனதும் மெல்லப் பாடும் அழகு வந்தது. இரண்டில் எது மேல் என்று தீர்ப்புச் சொல்ல நான் வரவில்லை. கிட்டப்பா 1933இல் 27 வயதில் மறைந்தார், சுந்தராம்பாள் அதற்குப் பிறகும் பல ஆண்டுகள் மைக்கின் முன் பாடினார். இருவரின் இசைத்தட்டுகளையும் அடுத்தடுத்துக் கேட்டு நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள்.

வானொலியில் இருந்துகொண்டு ஆர்மோனியத்தைப் பேசும்போது ஒன்றைச் சொல்லாமல் விட முடியாது. அகில இந்திய வானொலி 1940 மார்ச் முதல் ஆர்மோனியத்துக்குத் தடை போட்டது. தாகூரும் தடையின் பக்கம்தான். எழுபதுகளின் தொடக்கத்தில்தான் அது தளர்ந்தது. தடைக்குச் சொன்ன காரணம் வெறும் கௌரவப் பிரச்சினை இல்லை, அதில் ஒரு கணக்கு இருக்கிறது. ஐந்து கட்டை ஷட்ஜம் 196. தம்பூராவோடு இழைந்து நிற்கும் அந்தர காந்தாரம் அதைப்போல ஒன்றேகால் மடங்கு, அதாவது 245. கட்டையில் அழுத்தினால் வருவதோ 246.94. இரண்டையும் ஒன்றாக ஒலிக்கவிட்டால் விநாடிக்கு இரண்டு முறை ஒலி ஏறி இறங்கி அலைபாயும். பஞ்சமத்தில் இந்தத் தொல்லை கிடையாது, 294க்குப் பதில் 293.66, வித்தியாசம் காதுக்குத் தெரியாது. கமகத்தை விட்டுவிட்டாலும்கூட, நம் காந்தாரம் பெட்டிக்குள் அடங்காது.

அடங்கும் என்று வாதிட்டவரும் உண்டு, அவரும் தமிழர்தான். தஞ்சாவூரில் சித்த மருத்துவராக வாழ்ந்த ஆபிரகாம் பண்டிதர். 1917இல் வந்த ‘கருணாமிர்த சாகரம்’ என்ற அவருடைய பெரிய நூல், 22 சுருதி என்ற பழைய கணக்கை மறுத்து, ஒரு ஸ்தாயியை 24 சம பங்காகப் பிரிக்கிறது. ஒன்று விட்டு ஒன்றாக எடுத்தால் அப்படியே பியானோவின் பன்னிரண்டு கட்டைகள். முந்திய ஆண்டு பரோடாவில் நடந்த அகில இந்திய இசை மாநாட்டிலும் அவர் இதைத் துணிந்து முன்வைத்தார். அவருடைய முடிவை ஏற்காதவர்கள்கூட, சுருதியை நம்பிக்கையிலிருந்து எண்ணுக்குக் கொண்டுவந்தவர் என்ற மரியாதையை அவருக்குத் தந்தாக வேண்டும். தடையைப் பற்றி என் கருத்து இது: காரணம் சரி, தண்டனை தப்பு. ஷட்ஜத்தைப் பெட்டியிடம் வாங்கிக்கொண்டு, மிச்சத்தைத் தொண்டையால் பார்த்துக்கொள்ள நம் நாடகக்காரர்களுக்குத் தெரிந்தே இருந்தது.

இனி அந்த அளவுகோலை எடுத்துக்கொண்டு திருப்பூரைச் சுற்றிவரலாம். தெருமுனை டிரான்ஸ்பார்மர் உர்ரென்று இரைகிறதே, அது எத்தனை கட்டை? நம் மின்சாரம் விநாடிக்கு 50 சுழற்சி. ஒவ்வொரு சுழற்சியிலும் டிரான்ஸ்பார்மரின் இரும்பு இரண்டு முறை நுண்ணளவில் விரிந்து சுருங்கும். ஆக 100 ஹெர்ட்ஸ். ஐந்து கட்டையின் 196ஐப் பாதியாக்கினால் 98. அதற்குச் சற்று மேலே நிற்கிறது நம் டிரான்ஸ்பார்மர், ஐந்துக்கும் ஐந்தரைக்கும் நடுவே, ஐந்தின் பக்கமாக. அமெரிக்காவில் மின்சாரம் 60 சுழற்சி, அங்கே அது 120 ஹெர்ட்ஸில் இரையும், ஆறரையைத் தாண்டி. நம் நிட்டிங் மெஷினின் 753? நாலரைக் கட்டை 185. அதன் இரட்டிப்பு 370, மறுபடி இரட்டிப்பு 740. அதற்குக் கொஞ்சம் மேல். மெஷினின் வேகத்தை நூலிழை குறைத்தால் நாலரையில் சரியாக நிற்கும்.

அளவுகோலின் வலது கோடிக்கு வந்துவிட்டோம். கடைசிக் கட்டை, 4186 ஹெர்ட்ஸ். பியானோக்காரர்களே அதை அபூர்வமாகத்தான் தொடுவார்கள். ஆனால் நம் பகுதியில் அந்தக் கட்டைக்கு வேறொரு முக்கியத்துவம் உண்டு. ஆண்டுக்கணக்கில் இரைச்சலில் வேலை செய்பவருக்குக் காது கெடத் தொடங்கும்போது, பெரும்பாலும் முதலில் போவது 4000 ஹெர்ட்ஸை ஒட்டிய இடம். உட்செவியில் கேட்கும் செல்கள் சுர வரிசைப்படியே அமைந்திருக்கின்றன. உச்ச சுரத்துக்கானவை வாசலை ஒட்டி. அந்தச் செல்கள் ஒருமுறை போனால் திரும்ப முளைப்பதில்லை.

தொடக்கத்தில் இது யாருக்கும் தெரியாது. பேச்சின் உயிரோசைகள் கீழ் அதிர்வுகளில் இருக்கின்றன, அவை நன்றாகவே கேட்கும். பட்டு, தட்டு, கட்டு என்று சொற்களைப் பிரித்துக் காட்டும் மெய்யொலிகள்தான் மேலே இருக்கின்றன, அவை மங்கும். ‘கேக்குதுங்க, ஆனா என்ன சொல்றாங்கன்னு வெளங்கலைங்க’ என்று தறிக்கூடத்தில் இருபது வருஷம் நின்றவர் சொல்வதன் பொருள் இதுதான். வீட்டில் இருப்பவர்கள் டிவி சத்தம் கூடிக்கொண்டே போவதைத்தான் முதலில் கவனிப்பார்கள்.

தொழிற்சாலைச் சட்ட விதிகள் வகுத்த வரம்பு, எட்டு மணி நேர வேலைக்கு 90 டெசிபெல். 95 ஆனால் நாலு மணி நேரம், 100 ஆனால் இரண்டே மணி நேரம். இரைச்சலால் வரும் செவிக்குறை அந்தச் சட்டத்தின் தொழில்நோய்ப் பட்டியலிலேயே சேர்க்கப்பட்ட ஒன்று. அளவு பார்க்கக் கருவி இல்லையென்றால், கை நீட்டும் தூரத்தில் நிற்பவரிடம் கத்திப் பேச வேண்டியிருக்கிறதா என்று பாருங்கள். கத்த வேண்டியிருந்தால் அந்த இடம் காதுக்கு ஆபத்தானது. கையில் கிடைக்கும் கழிவுப் பஞ்சைக் காதில் திணித்துக்கொள்வது பலருக்குப் பழக்கம். அது இரைச்சலைத் தடுக்காது. அழுத்திச் சுருட்டிச் செருகும் நுரை அடைப்பான் அல்லது காதுக் கவசம்தான் உதவும். முதலாளிகள் அதை வாங்கிக் கொடுக்க வேண்டும், தொழிலாளர்கள் ஷிப்ட் முழுவதும் கழற்றாமல் போட்டிருக்க வேண்டும்.

இஎஸ்ஐ அட்டை வைத்திருப்பவர்கள் அடுத்த முறை மருத்துவமனைக்குப் போகும்போது காது மருத்துவரிடம் ‘ஆடியோகிராம் எடுத்துப் பாருங்கள்’ என்று கேளுங்கள். வலி கிடையாது. ஹெட்போனில் ஒவ்வொரு சுரமாக ஒலிக்கவிடுவார்கள், கேட்டதும் பொத்தானை அழுத்தினால் போதும். வந்த தாளில் 4000 என்று போட்டிருக்கும் இடத்தில் கோடு பள்ளமாக இறங்கியிருக்கிறதா என்று டாக்டரிடம் கேளுங்கள். இறங்கியிருந்தால், மிச்சமிருப்பதைக் காப்பாற்ற அன்றைக்கே காதுக் கவசத்தைத் தொடங்கிவிடுங்கள்.